சாட்சிக் கூண்டில் புத்தகமும் இருக்காது, சுத்தியலும் இருக்காது

கேள்வி: கரூர் பக்கம் சின்னதாக டிபன் கடை வைத்திருக்கிறேன். மூன்று வருடத்துக்கு முன்பு கடை வாசலில் நடந்த சண்டையில் ஒருவருக்கு மண்டை உடைந்தது. நான் பார்த்தேன் என்பதால் போலீஸ்காரர்கள் விசாரித்து எழுதிக்கொண்டார்கள், ஒரு தாளில் கையெழுத்தும் வாங்கினார்கள். இப்போது கோர்ட்டிலிருந்து சாட்சி சம்மன் வந்திருக்கிறது. சீரியலில் வருகிற மாதிரி எதிர்த்தரப்பு வக்கீல் "ஆமாம், இல்லைன்னு மட்டும் சொல்லு" என்று கத்துவாரா? கேவலமாகக் கேட்பாரா? ஒரு வார்த்தை மாறினால் அங்கேயே பிடித்து உள்ளே போட்டுவிடுவார்களா? 8,000 ரூபாய் கொடுத்தால் பட்டியலிலிருந்து பெயரை எடுத்துவிடலாம் என்று தெரிந்தவர் ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கடைசிக் கேள்விக்கு முதலில் சொல்லிவிடுகிறேன். கொடுக்காதீர்கள். எட்டாயிரம் வேண்டாம், எட்டு ரூபாய்கூட வேண்டாம்.

உங்கள் பெயர் குற்றப்பத்திரிகையோடு சேர்ந்து எப்போதோ கோர்ட்டுக்குப் போய்விட்டது. அதை அழிக்கிற ரப்பர் எந்தத் தரகரிடமும் இல்லை. ஆனால் இவர்கள் எப்படிப் பிழைக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளுங்கள். ஒரு வழக்கில் பத்து சாட்சி இருந்தால் பத்துப் பேரையும் விசாரிப்பதில்லை. நாலு பேர் சொன்னது போதும் என்று அரசு வக்கீலுக்குத் தோன்றினால், மீதிப் பேரை அவரே வேண்டாமென்று விட்டுவிடுவார். அதற்குக் காசு கிடையாது. கோர்ட் வாசல் டீக்கடையில் உட்கார்ந்திருக்கிற தரகருக்கு இது தெரியும். உங்களிடம் பணத்தை வாங்கிக்கொண்டு சும்மா இருப்பார். அரசு வக்கீல் தானாக உங்களை விட்டுவிட்டால் "பாத்தீங்களா, நான்தான் முடிச்சேன்" என்பார். விடவில்லை என்றால் "சார் மாறிட்டாரு, இன்னொரு மூவாயிரம் ஆகும்" என்பார். நான் தொழிலுக்கு வந்த நாளிலிருந்து பார்க்கிறேன், ஆள்தான் மாறுகிறது, வசனம் மாறவில்லை. அவர் பேச்சைக் கேட்டு நீங்கள் போகாமல் இருந்தால், பிடிவாரண்ட்டோடு போலீஸ் வருவது உங்கள் வீட்டுக்குத்தான்.

இன்னொரு கூட்டம் "சாட்சிக்கும் வக்கீல் வெச்சுக்கணும், வக்காலத்து போடணும்" என்று கையைப் பிடித்து இழுக்கும். வேண்டியதில்லை. நீங்கள் குற்றவாளி இல்லை, வழக்குப் போட்டவரும் இல்லை. உங்களைக் கூப்பிட்டது கோர்ட்.

இனி சினிமா பயம். பராசக்தியில் சிவாஜி கூண்டில் நின்று பேசியது 1952-இல். அதற்குப் பிறகு தமிழ்ப் படக் கோர்ட்டில் யாரும் சின்னதாகப் பேசியதே இல்லை. 1984-இல் 'விதி' படம் வந்தபோது அதன் கோர்ட் வசனத்தை கேசட்டில் போட்டு டீக்கடைகளில் அலறவிட்டார்கள். நானும் நின்று கேட்டவன்தான், குறை சொல்லவில்லை. ஆனால் நீங்கள் போகப்போகிற மாஜிஸ்திரேட் கோர்ட்டில் மின்விசிறிச் சத்தத்துக்கு நடுவே நீங்கள் சொல்வது நீதிபதிக்குக் கேட்டாலே பெரிய விஷயம்.

கீதை கிடையாது. 1969-ஆம் வருடத்து உறுதிமொழிச் சட்டத்தில் எந்தப் புத்தகத்துக்கும் இடமில்லை. கடவுள் பெயரால் என்றோ, மனசாட்சிப்படி என்றோ, உண்மையைச் சொல்வதாக வாயால் சொன்னால் போதும். ஒருமுறை ஒரு வயதான அம்மா கூண்டுக்குப் பக்கத்தில் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு ஏறி, கையை நீட்டிக்கொண்டு அப்படியே நின்றார். "புத்தகம் எங்க சாமி?" என்று கேட்டார். பெஞ்ச் கிளார்க் சிரிப்பை அடக்க முடியாமல் திரும்பிக்கொண்டார். அந்த அம்மாவுக்கு அது கோயில் மாதிரி. சிரித்ததுதான் தப்பு என்று எனக்கு இன்னும் தோன்றுகிறது.

நீதிபதி சுத்தியல் தட்ட மாட்டார். நம் ஊர்க் கோர்ட்டில் அந்தப் பழக்கமே இல்லை. இது சிரிக்கிற விஷயம் என்று நினைக்காதீர்கள். 2024-இல் பஞ்சாபைச் சேர்ந்த பெரிய ஜவுளித் தொழிலதிபர் ஒருவரை வீடியோ காலில் போலி சுப்ரீம் கோர்ட்டில் நிறுத்தி 7 கோடி ரூபாயைக் கறந்தார்கள். நீதிபதியின் முகம் தெரியவில்லை, குரலும் சுத்தியல் தட்டுகிற சத்தமும் கேட்டது என்று அவரே பிறகு சொன்னார். சினிமாவில் பார்த்த கோர்ட்டை அப்படியே திருப்பிக் காட்டியிருக்கிறார்கள். போனில் யாராவது விசாரணை நடத்தினால், அதுவும் சுத்தியல் தட்டினால், இணைப்பைத் துண்டியுங்கள்.

அன்றைக்கு நடப்பது இதுதான். டவாலி உங்கள் பெயரை மூன்று முறை கூப்பிடுவார். முதலில் அரசு வக்கீல் கேட்பார்: பெயர், தொழில், அன்று என்ன பார்த்தீர்கள். அடுத்து எதிர்த்தரப்பு வக்கீலின் குறுக்கு விசாரணை. "ஆமாம், இல்லை" என்று மட்டும் சொல்லச் சொல்லி அவர் கேட்கலாம், அது அவர் தொழில். விளக்கம் சொல்ல வேண்டியிருந்தால் நீதிபதியைப் பார்த்து "ஐயா, இதுக்கு ஒரே வார்த்தையில பதில் சொல்ல முடியாது" என்று சொல்லுங்கள். அவமானப்படுத்துவதற்காகவே கேட்கிற கேள்வியையும் ஆபாசமான கேள்வியையும் நீதிபதி தடுக்கலாம். பழைய சாட்சியச் சட்டத்தில் இது 151, 152. புதிய சட்டத்தில் 154, 155. எண்ணை மனப்பாடம் செய்ய வேண்டாம்.

குறுக்கு விசாரணையின் கடைசியில் வக்கீல் ஒரு குண்டு போடுவார்: "நீங்க அந்த இடத்துலயே இல்ல, போலீஸுக்காகப் பொய் சாட்சி சொல்றீங்க." இதைக் கேட்டு அழுதுவிடாதீர்கள். தமிழ்நாட்டில் எந்தச் சாட்சியின் வாக்குமூலத்தை எடுத்துப் பார்த்தாலும் கடைசி வரி அநேகமாக "பொய் சாட்சி சொல்கிறேன் என்றால் சரியல்ல" என்றுதான் முடியும். தாசில்தார் அலுவலக மனு "தங்கள் உண்மையுள்ள" என்று முடிகிற மாதிரி அது ஒரு சம்பிரதாயம். "சரியல்ல" என்று சொல்லிவிட்டு நில்லுங்கள். நீங்கள் சொன்னதை நீதிபதி தன் வாக்கியத்தில் சொல்லச் சொல்லத் தட்டச்சு ஆகும். கையெழுத்துக்கு வரும்போது பக்கத்தைத் திருப்பிப் படியுங்கள். தப்பாக இருந்தால் அப்போதே சொல்லுங்கள், கூச்சப்படாதீர்கள்.

வார்த்தை மாறுவதற்கெல்லாம் உள்ளே போட மாட்டார்கள். தெரிந்தே சொல்கிற பொய்க்குத்தான் தண்டனை. அது ஏழு வருடம் வரை போகலாம், அதற்கும் தனி நடைமுறை உண்டு. மூன்று வருடத்துக்கு முன்பு அடித்தவர் போட்டிருந்த சட்டை நீலமா பச்சையா என்று ஞாபகம் இல்லையென்றால், "ஞாபகம் இல்லை" என்பது முழுமையான பதில்தான். எதிர்த்தரப்பு ஆள் யாராவது "எல்லாமே மறந்துடுச்சுன்னு சொல்லுங்க, கவனிச்சுக்கறோம்" என்று வந்தால், அது நான் மேலே சொன்ன ஏழு வருடக் கணக்கில் வரும்.

இப்போது அந்தக் கையெழுத்து. இதைத்தான் யாரும் சரியாகச் சொல்லித் தருவதில்லை, அதனால் கொஞ்சம் நீட்டுகிறேன். விசாரணையில் போலீஸ் எழுதிக்கொள்கிற சாட்சி வாக்குமூலத்தில் கையெழுத்து வாங்கவே கூடாது என்பது சட்டம். படத்தில் வக்கீல் தாளை ஆட்டி "இது உன் கையெழுத்துதானே!" என்று மடக்குவது இந்த வாக்குமூலத்துக்குப் பொருந்தாது. அப்படியானால் நீங்கள் போட்டது எதில்? பெரும்பாலும் பார்வை மகஜரில் இருக்கும், அதாவது சம்பவ இடம் எப்படி இருந்தது என்று எழுதுகிற தாள். அல்லது கம்பியையோ கட்டையையோ கைப்பற்றியதற்கான அத்தாட்சியில். அதில் சாட்சி கையெழுத்துப் போடுவது முறைதான். கோர்ட்டில் அதைக் காட்டி "இது உங்கள் கையெழுத்தா?" என்று கேட்பார்கள். உங்களுடையதென்றால் ஆமாம் என்று சொல்லுங்கள். அதில் எழுதியிருப்பது உங்கள் கண் முன்னால் நடந்ததா என்பது தனிக் கேள்வி, தனிப் பதில். படித்துப் பார்க்காமல் போட்டிருந்தால் அதையும் சொல்லுங்கள். வெற்றுத்தாளில் போட்டிருந்தால் கண்டிப்பாகச் சொல்லுங்கள். கையெழுத்தே என்னுடையதில்லை என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். பயத்தில் அப்படிச் சொல்லி மாட்டிக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன்.

முதல் நாள் ஸ்டேஷனுக்கு வரச்சொல்லி "இப்படி இப்படிச் சொல்லணும்" என்று ஒத்திகை பார்க்கக் கூப்பிட்டால் போகாதீர்கள். 2024 ஏப்ரலில் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் போலீஸ் அப்படிப் பாடம் சொல்லிக்கொடுத்ததைச் சுப்ரீம் கோர்ட் கடுமையாகக் கண்டித்தது.

ஒன்றை மட்டும் உங்களுக்கு உறுதியாகச் சொல்ல முடியவில்லை: ஒரே நாளில் முடியும் என்று. சாட்சி வந்து நின்றால் அன்றே விசாரித்து அனுப்பு என்றுதான் சட்டம் சொல்கிறது. ஆனால் வக்கீல் வரவில்லை, நீதிபதி லீவு, ஆவணம் வரவில்லை என்று வாய்தா போடுவார்கள். பஞ்சாப் வழக்கு ஒன்றில் முதல் விசாரணைக்கும் குறுக்கு விசாரணைக்கும் நடுவில் 20 மாதம் ஓடியதை 2015-இல் சுப்ரீம் கோர்ட்டே நொந்துகொண்டது. நொந்துகொண்டதோடு சரி. கடையைப் பூட்டிவிட்டுப் பேருந்தேறி வருகிற உங்களுக்குச் சாட்சிப் படி என்று ஏதோ கொடுப்பார்கள், கேட்டு வாங்குங்கள். அன்றைய மாவுக்குக்கூடக் காணாது.

சம்மன் தாளைக் கையில் எடுத்துக்கொண்டு பத்து மணிக்கே போய், கோர்ட் கான்ஸ்டபிளிடம் வந்துவிட்டதைச் சொல்லி உட்காருங்கள். கூண்டில் ஏறும்போது செருப்பைக் கழற்ற வேண்டியதில்லை. போனை மட்டும் அணைத்துவிடுங்கள்.