பன்முகத் திறன் கொண்ட சுயாதீனத் திரைப்பட இயக்குநர் என்று யாரைச் சொல்வீர்கள்?

அமெரிக்கரான ஜான் செய்ல்ஸைச் சொல்வேன். எழுத்து, இயக்கம், படத்தொகுப்பு, நடிப்பு என எல்லாவற்றையும் அவரே செய்தார் என்பதற்காக அல்ல; கையில் காசில்லாத இயக்குநர்கள் பலரும் அப்படித்தான் சமாளிக்கிறார்கள். பிறருக்குத் திரைக்கதை எழுதிச் சம்பாதித்ததைத் தம் படங்களில் போட்டு, யாருடைய தலையீடும் இல்லாமல் விரும்பிய கதைகளைச் சொல்ல முயன்றதே அவருடைய தனித்தன்மை.

நாவலாசிரியராக அறிமுகமான அவர், தயாரிப்பாளர் ரோஜர் கோர்மனுக்காக 'பிரானா' (1978) போன்ற குறைந்த செலவுப் படங்களுக்கு எழுதினார். அந்த வருமானத்தில்தான் முதல் படமான 'ரிட்டர்ன் ஆஃப் தி செகாகஸ் செவன்' உருவானது. அதில் கதையையே பட்ஜெட்தான் தீர்மானித்தது: தெரிந்த நடிகர்கள் முப்பது வயதை ஒட்டியவர்கள் என்பதால் முப்பதைத் தொடும் பழைய நண்பர்களின் கதை, கேமராவை நகர்த்திப் படம்பிடிக்க வசதியில்லை என்பதால் ஏராளமான கதாபாத்திரங்கள். ஒரு முகத்திலிருந்து இன்னொரு முகத்துக்கு வெட்டிச் சென்றாலே காட்சிக்கு வேகம் வந்துவிடும் அல்லவா?

படைப்பாற்றல் மிக்கவர்களுக்கு அமெரிக்க அறக்கட்டளை ஒன்று தரும் மெக்ஆர்தர் நல்கை 1983இல் அவருக்குக் கிடைத்தது. அதில் ஒரு பகுதியை, நியூயார்க்கின் ஹார்லெமில் வந்து சேரும் வாய் பேசாத கறுப்பின வேற்றுக்கிரகவாசியைப் பற்றிய படத்தில் போட்டார். அதன் பிறகு 1920இன் நிலக்கரித் தொழிலாளர் போராட்டத்தைச் சொல்லும் 'மேட்வான்' (1987), பெரும்பகுதி ஸ்பானிய மொழியில் அமைந்த 'மென் வித் கன்ஸ்' (1997), பிலிப்பைன்ஸில் எடுத்த 'அமிகோ' (2010) என்று களத்தை மாற்றிக்கொண்டே இருந்தார். இடையில் ராக் பாடகர் புரூஸ் ஸ்பிரிங்ஸ்டீனின் பாடல்களுக்குக் காணொளிகளும் இயக்கினார்.

அவருடைய உச்சமாக நான் கருதுவது 'லோன் ஸ்டார்' (1996). பழங்கதை பேசிக்கொண்டிருப்பவரை விட்டு கேமரா மெல்ல விலகுகிறது. வெட்டே இல்லாமல், அதே இடத்தில் பல பத்தாண்டுகளுக்கு முந்தைய மனிதர்கள் நிற்கிறார்கள். டெக்சாஸ் எல்லை ஊர் ஒன்றில் கடந்த காலம் எவரையும் விட்டு நீங்கவில்லை என்பதை அந்த ஒரு நகர்வே சொல்லிவிடுகிறது. திரைக்கதைக்காக ஆஸ்கர் பரிந்துரையும் பெற்ற படம் இது.

குறையும் உண்டு. சில படங்களில் வசனம் காட்சியை அமுக்கிவிடுகிறது. எழுத்தாளர் இயக்குநரை முந்திக்கொள்கிறார் என்றே தோன்றும். ஆகவே புதிதாகப் பார்ப்பவர்கள் 'லோன் ஸ்டா'ரில் தொடங்கி, 'மேட்வா'னுக்குச் சென்று, பேச்சு மிகுந்த முதல் படத்தைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளலாம்.