பட்டம் மட்டுமா அளவுகோல்? சதுரங்க வீரர்கள் பற்றிக் கேள்வி பதில்

சதுரங்க வீரர்களின் ஆட்ட வாழ்க்கை பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் தருகிறேன். ஒரே விஷயத்தைப் பலர் கேட்டிருந்தால் ஒன்றாகச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி: ஃபிஷர், காஸ்பரோவ், கார்ல்சன் மூவரில் பெரியவர் யார் சார்? மழுப்பாமல் ஒருவரைச் சொல்லுங்கள்.

காஸ்பரோவ்.

1972-ல் ஃபிஷர் மற்றவர்களை விட்டு விலகி நின்ற தூரம் அசாதாரணமானதுதான். அவருடைய ரேட்டிங், அதாவது ஆட்டத் திறனைக் காட்டும் புள்ளி, 2785, உலக சாம்பியனாக இருந்த ஸ்பாஸ்கிக்கு 2660. முந்தைய வருடம், உலக சாம்பியனோடு மோதப்போவது யார் என்று தீர்மானிக்கும் கேண்டிடேட்ஸ் போட்டியில் தைமானோவையும் லார்சனையும் ஆளுக்கு 6-0 என்று வீழ்த்தியிருந்தார். அந்த மட்டத்தில் ஒரு டிராகூடக் கொடுக்காமல் ஜெயிப்பது நம்பவே முடியாத காரியம். ஆனால் பட்டம் வென்றபின் அதைக் காக்க அவர் ஒரு ஆட்டம்கூட ஆடவில்லை. 1975-ல் பட்டம் ஆடாமலே கார்போவ் கைக்குப் போனது. அந்த வருத்தம் எனக்கு இன்னும் உண்டு.

கார்ல்சன் 2014-ல் தொட்ட 2882-ஐ இதுவரை யாரும் தாண்டவில்லை. பத்து வருடம் பட்டம் வைத்திருந்து, 2023-ல் தானாகவே விட்டுக்கொடுத்தார்.

இருந்தும் காஸ்பரோவைச் சொல்வதற்குக் காரணம், அவருக்கு வாய்த்த எதிராளி. கார்போவோடு உலகப் பட்டத்துக்காக மட்டும் ஐந்து முறை மோதி 144 ஆட்டங்கள் ஆடினார். முதல் மோதலில் ஆறு வெற்றி முதலில் எடுப்பவருக்குப் பட்டம்; அதில் 0-5 என்று பின்தங்கிவிட்டார். கார்போவுக்கு இன்னும் ஒரே ஒரு வெற்றி போதும். அந்த நிலையில் டிராவுக்கு மேல் டிராவாகப் பிடித்து நின்றார், நடுவே மூன்று வெற்றிகளும் எடுத்தார். 48 ஆட்டங்களுக்குப் பிறகு 1985 பிப்ரவரியில் முடிவில்லாமலே போட்டி நிறுத்தப்பட்டது. அதே வருடம் மறுபடி ஆடிப் பட்டத்தைப் பிடித்தபோது அவருக்கு வயது 22. அப்புறம் 1987, செவில். கடைசி ஆட்டத்தை ஜெயித்தால்தான் பட்டம் நிற்கும் என்ற நிலை. ஜெயித்தார்.

கேள்வி: அப்படிப்பட்டவர் கம்ப்யூட்டரிடம் தோற்றுவிட்டாரே?

1996-ல் டீப் புளூ என்ற கம்ப்யூட்டரை 4-2 என்று ஜெயித்தார். 1997-ல் 3.5-2.5 என்று தோற்றார். அதன்பிறகும் 2005-ல் ஓய்வு பெறும்வரை ரேட்டிங்கில் முதலிடம் அவருடையதுதான். மனிதர்களுக்குள் அவருக்கிருந்த இடத்தை அந்தத் தோல்வி அசைக்கவில்லை.

கேள்வி: ஆனந்த் 2000-ல் வென்ற பட்டத்தைச் சிலர் கணக்கில் சேர்ப்பதில்லை. ஏன்?

1993-ல் காஸ்பரோவும் அவரை எதிர்த்து ஆடவிருந்த ஷார்ட்டும் உலக சதுரங்கக் கூட்டமைப்பான ஃபிடேயை விட்டு விலகித் தனியாக ஆடியதால் உலகப் பட்டம் இரண்டாகப் பிளந்தது. 2006-ல்தான் மறுபடி ஒன்றானது. 2000-ல் ஆனந்த் வென்றது ஃபிடேயின் பட்டம். அதே வருடம் லண்டனில் கிராம்னிக் காஸ்பரோவை வீழ்த்தி மறுபக்கப் பட்டத்தை எடுத்தார். ஆட்சேபம் சொல்பவர்களுக்கு இதுதான் ஆதாரம்.

ஆனால் ஆனந்தின் வரிசையை முழுதாகப் பாருங்கள். 2000-ல் நாக் அவுட். 2007-ல் மெக்சிகோவில் எட்டுப் பேர் ஆடிய சுற்று. 2008-ல் ஜெர்மனியின் பான் நகரில் கிராம்னிக்குடன் நேருக்கு நேர். மூன்று விதமான போட்டியிலும் உலகப் பட்டம்!

எனக்கு மிகவும் பிடித்தது 2010, சோஃபியா. பல்கேரியாவின் டோபலோவோடு உலகப் பட்டத்துக்கான மோதல். ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் விமானங்கள் நின்றுபோக, ஃபிராங்ஃபர்ட்டிலிருந்து சாலை வழியாகவே போய்ச் சேர்ந்தார். தொடக்கத்தை ஒரு நாள் மட்டும் தள்ளிவைத்தார்கள். முதல் ஆட்டம் தோல்வி, இரண்டாவதில் பதிலடி. 5.5-5.5 என்று சமமாக நின்றபோது கடைசி ஆட்டம், ஆனந்துக்குக் கறுப்பு. டிரா என்றால் வேக ஆட்டத்தில் டைபிரேக், அதாவது சமநிலையை உடைக்கும் கூடுதல் ஆட்டங்கள், அதில் ஆனந்தின் கை ஓங்கும். அதனால் டோபலோவ் துணிந்து இறங்கினார். சிப்பாய்களை வெட்டப்போய் தன் ராஜாவின் முன்னிருந்த அரணைத் தானே திறந்துவிட்டார். சொந்த நாட்டுக்காரர்கள் முன்னால் டோபலோவ் தோற்றார்.

கேள்வி: அண்ணா, குகேஷ் ஜெயித்தது டிங் லிரென் செய்த தவறால்தானே? அதிர்ஷ்டம் என்று சொல்லலாமா?

சொல்லக்கூடாது, தம்பி. 2024 டிசம்பர் 12, சிங்கப்பூர், அப்போதைய உலக சாம்பியன் டிங்கோடு பட்டத்துக்கான 14-வது, கடைசி ஆட்டம், ஸ்கோர் 6.5-6.5. இருவரிடமும் ஒரு யானை, ஒரு பிஷப், சில சிப்பாய்கள். குகேஷுக்கு ஒரு சிப்பாய் மட்டும் கூடுதல். பெரும்பாலும் டிரா ஆகும் நிலை. குகேஷ் டிராவுக்கு ஒத்துக்கொள்ளாமல் அழுத்திக்கொண்டே இருந்தார். 55-வது நகர்வில் டிங் யானையை எஃப்2 என்ற கட்டத்துக்குக் கொண்டுவந்து மாற்றிக்கொள்ளச் சொன்னார். அவருடைய பிஷப் ஏ8 மூலையில் இருந்தது. யானைகள் வெட்டுப்பட்டதும் குகேஷ் தன் பிஷப்பை டி5-ல் வைத்தால் மூலையிலிருக்கும் பிஷப்புக்குத் தப்பிக்க வழியில்லை, அதுவும் மாறியே ஆகவேண்டும். பிறகு வெறும் ராஜாவும் சிப்பாய்களும்தான். அங்கே அந்த ஒரு கூடுதல் சிப்பாய் ஜெயித்துவிடும். பல மணி நேரம் விடாமல் ஆடியவரிடம்தான் அப்படித் தவறு வரும். 18 வயதில் இந்தப் பொறுமை இருந்ததே, அதுதான் சாதனை.

கேள்வி: உலகப் பட்டம் வெல்லாதவர்களில் மிகச் சிறந்தவர் யார்?

கேரஸ் என்று பலரும் சொல்வார்கள். 1953 முதல் 1962 வரை நான்கு கேண்டிடேட்ஸ் போட்டிகளிலும் அவருக்கு இரண்டாமிடமே வாய்த்தது.

என் ஓட்டு கோர்ச்நோய்க்கு. 1976-ல் ஆம்ஸ்டர்டாமில் போட்டி முடிந்ததும் சோவியத் நாட்டுக்குத் திரும்பாமல் நின்றுவிட்டார். 1978-ல் பிலிப்பைன்ஸின் பாகியோவில் உலகப் பட்டத்துக்காகக் கார்போவை எதிர்கொண்டபோது வயது 47. ஆறு வெற்றி முதலில் எடுப்பவருக்குப் பட்டம். 27 ஆட்டம் முடிந்தபோது 2-5. கதை முடிந்தது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். அடுத்த நான்கு ஆட்டங்களில் மூன்றை ஜெயித்து 5-5 ஆக்கினார். 32-வது ஆட்டத்தில் தோற்றார். அதோடு ஓய்ந்தாரா? 2009-ல், 78 வயதில் ஸ்விட்சர்லாந்து சாம்பியன் ஆனார்!

கேள்வி: ஜூடித் போல்கர் ஏன் பெண்கள் உலக சாம்பியன் பட்டியலில் இல்லை?

அந்தப் பட்டத்துக்கு அவர் ஆடவே இல்லை. பொதுப்பிரிவில்தான் ஆடுவேன் என்று இருந்துவிட்டார். 1991-ல் 15 வயது 4 மாதத்தில் கிராண்ட்மாஸ்டர் ஆகி ஃபிஷரின் சாதனையை முறியடித்தார். 2005-ல் ரேட்டிங் 2735, உலகத் தரவரிசையில் எட்டாமிடம். 2002-ல் ஒரு வேக ஆட்டத்தில் காஸ்பரோவையும் ஜெயித்தார். பட்டியலில் பெயர் இல்லை என்பதால் அவருக்கு ஒரு குறையும் இல்லை.

கேள்வி: சிறுவர்கள் 12 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆகிறார்கள். வயதானவர்களுக்கு இங்கே இடம் உண்டா ஐயா?

உண்டு. முன்னாள் உலக சாம்பியன் லாஸ்கர் 1935-ல் மாஸ்கோ போட்டியில் 66 வயதில் மூன்றாமிடம் பிடித்தார், ஒரு தோல்விகூட இல்லாமல். தன்னிடமிருந்து பட்டத்தைப் பறித்த காபாபிளாங்காவுக்கு மேலே! இன்னொரு முன்னாள் உலக சாம்பியன் தால் 51 வயதில், உடம்பு ஒத்துழைக்காத நிலையிலும், 1988 உலக பிளிட்ஸ் (சில நிமிடங்களில் முடியும் அதிவேக ஆட்டம்) போட்டியை வென்றார். அதில் காஸ்பரோவும் கார்போவும் ஆடினார்கள்.

கேள்வி: புதிதாகக் கற்பவர்கள் யாருடைய ஆட்டங்களைப் பார்க்கலாம்?

காபாபிளாங்காவிலிருந்து தொடங்குங்கள். 1916 முதல் 1924 வரை ஒரு போட்டி ஆட்டம்கூடத் தோற்காதவர். 1924 நியூயார்க்கில் டார்டகோவரோடு ஆடியதை முதலில் எடுங்கள். யானைகள் மட்டும் மிஞ்சிய இறுதிக்கட்டத்தில் இரண்டு சிப்பாய்களை விட்டுக்கொடுத்துவிட்டு ராஜாவை முன்னே நடத்துவார். ஒவ்வொரு நகர்வுக்கும் முன்னால் நிறுத்தி, நீங்களாக இருந்தால் என்ன ஆடியிருப்பீர்கள் என்று எழுதிவைத்துவிட்டு அடுத்ததைப் பாருங்கள்.