காசு கொடுக்க முதல்: கண்டிக்குப் போய் சொக்கலேற் கிண்டியவர்கள்

விடுமுறை வந்தால் வன்னியிலிருந்து வான் பிடித்துக் கண்டிக்கு ஏறுவது வழக்கம். முன்பு தலதா மாளிகை, பேராதனைப் பூந்தோட்டம் என்று முடிந்துவிடும். இப்போது "சொக்கலேற் செய்யப் பழகலாம்" என்று இன்னொன்று சேர்ந்திருக்கிறது. இந்த முறை வந்த கடிதங்களில் பெரும்பங்கு அதைப் பற்றித்தான். கடிதங்களைச் சுருக்கியிருக்கிறேன்.

கேள்வி: ஓகஸ்ட்டில் குடும்பமாகப் பெரஹெரா பார்க்கப் போகிறோம். "கொக்கோ விதையிலிருந்து சொக்கலேற் வரை, மூன்றே மணித்தியாலத்தில், உங்கள் கையால்" என்று முகநூலில் விளம்பரம் பார்த்தோம். ஆளுக்கு 6,500 ரூபா. நாலு பேர். போகலாமா அக்கா? (பரந்தன்)

பதில்: மூன்று மணித்தியாலத்தில் கொக்கோ விதை சொக்கலேற் ஆகாது. காயை உடைத்தால் அன்னமுன்னாச் சதை மாதிரி வெள்ளையாகச் சதை ஒட்டிய விதைகள் வரும். அவற்றைக் குவித்து மூடி ஐந்து, ஆறு நாள் புளிக்கவிட வேண்டும். பிறகு ஒரு கிழமையளவு காயவிட வேண்டும். வறுத்து, கோதுடைத்து, புடைத்து, அதற்குப் பிறகுதான் அரைப்பு. கருங்கல் உருளை சுற்றுகிற கிறைண்டரில் ஒரு நாள், இரண்டு நாள், சிலர் மூன்று நாளும் ஓடவிடுவார்கள். உலகத்தில் சின்ன அளவில் விதையிலிருந்தே சொக்கலேற் செய்கிறவர்கள் கனபேர் பாவிப்பது, தோசைக்கு அரைக்கவென்று கோயம்புத்தூர்ப் பக்கம் செய்த கிறைண்டரின் உறவுக்காரனைத்தான். எங்கள் வீட்டில் அது உழுந்து அரைத்த கையோடு கழுவிக் கவிழ்த்தபடி கிடக்கிறது.

ஆக, நேர்மையான வகுப்பு என்றால் புளிக்கவிடுவதும் காயவிடுவதும் முன்னமே முடிந்திருக்கும். நீங்கள் ஒரு பிடி விதை வறுப்பீர்கள், கோதுடைப்பீர்கள், புடைப்பீர்கள். (சுளகைக் கையில் தந்தால் உங்கள் வீட்டு அம்மாதான் அங்கே வாத்தியார்.) ஓடிக்கொண்டிருக்கிற கிறைண்டருக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, ஏற்கெனவே அரைத்து முடித்ததை அச்சில் ஊற்றுவீர்கள். அதற்குக் காசு கொடுக்கலாம், பிள்ளைகளுக்கும் மறக்காது. மற்ற வகை, கடையில் வாங்கிய கட்டியை உருக்கித் தந்து மேலே கஜு தூவச் சொல்வது. அதை முறிகண்டியில் கச்சான் வாங்கிக்கொண்டு வந்து வீட்டிலேயே செய்யலாம்.

எது என்று அறிய, காசு போட முதல் கேளுங்கள்: விதையை வறுப்பது நாங்களா, நீங்களா? உருக்குகிற கட்டியில் இருப்பது கொக்கோ விதையின் சொந்தக் கொழுப்பான கொக்கோ பட்டரா, பாம் வகைத் தாவரக் கொழுப்பா? செய்ததில் எவ்வளவு எங்களுக்கு? சின்னவனுக்கும் முழுக் காசா? சர்வதேச உணவு நியமமான கோடெக்ஸின்படி, பால் சேராத சொக்கலேற் என்று சொல்லக் குறைந்தது 35 வீதம் கொக்கோ இருக்க வேண்டும், மொத்தக் கட்டியில் 18 வீதமாவது கொக்கோ பட்டராக இருக்க வேண்டும். பொதியின் படத்தை அனுப்பச் சொல்லுங்கள். தொலைபேசியில் கதைத்து முடிக்காமல் எழுத்தில் வாங்குங்கள். 26,000 ரூபாவுக்கு நாலு கேள்வி கேட்பதில் வெட்கம் என்ன?

கேள்வி: வகுப்பில் நாங்களே செய்த சொக்கலேற் ஒரு கிலோவை பஸ்ஸில் கொண்டுவந்தோம். வவுனியாவிலேயே குழம்பாகிவிட்டது. நடத்தினவரிடம் காசைத் திருப்பிக் கேட்கலாமா? (மல்லாவி)

பதில்: கேட்கலாம். நான் அவராக இருந்தால் தரமாட்டேன். கொக்கோ பட்டர் 34 பாகையளவில் உருகிவிடும், வாயில் வைத்ததும் கரைவது அதனால்தான். தம்புள்ள தாண்டின பஸ்ஸின் யன்னலோரம் உங்கள் வாயை விடச் சூடு.

கேள்வி: எங்கள் மாதர் சங்கத்தில் ஆறு பேர் ஆளுக்கு 3,000 ரூபா முற்பணம் வங்கியில் போட்டு, வான் பிடித்துப் போனோம். கதவு பூட்டியிருந்தது. அழைப்பை எடுக்கவில்லை. இரண்டு நாள் கழித்து "திகதி மாற்றிவிட்டோம், முற்பணம் திருப்பித் தரப்படமாட்டாது" என்று ஒரு செய்தி மட்டும் வந்தது. எங்களில்தான் பிழை என்று வீட்டில் ஏச்சு. (புதுக்குடியிருப்பு)

பதில்: உங்களில் பிழையில்லை, பிள்ளைகள். ஏசுகிறவர்களுக்கு இதை வாசித்துக் காட்டுங்கள். முற்பணம் திருப்பித் தரமாட்டோம் என்பது, நீங்கள் வராமல் விட்டால் சொல்லக்கூடிய கதை. கடையைப் பூட்டிவிட்டு அவர்கள் சொல்ல முடியாது. விடிய நாலு மணிக்குச் சோறு கட்டிக்கொண்டு புறப்பட்டதாக எழுதியிருக்கிறீர்கள். அந்தச் சோற்றைப் பூட்டிய கதவடியில் இருந்து சாப்பிட்டதை வாசித்தபோது எனக்கே வயிறு எரிந்தது.

இப்போது செய்ய வேண்டியது. விளம்பரத்தையும் வட்ஸ்அப் செய்திகளையும் படமெடுத்து வையுங்கள், அவர்கள் அழிக்க முதல். வங்கிச் சீட்டு ஆறையும் ஒன்றாகக் குத்துங்கள். வான்காரத் தம்பியிடம் போன திகதியும் வாடகையும் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். ஆறு பேரும் ஒப்பமிட்ட ஒரே கடிதம், பதிவுத் தபாலில், இரண்டு கிழமைத் தவணை போட்டு அனுப்புங்கள். 18,000 ரூபா முற்பணத்தோடு வான் காசையும் கேளுங்கள். பதில் வராவிட்டால் நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபைக்கு எழுத்தில் முறையிடுங்கள். 2003ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கச் சட்டம் பொருளுக்கு மட்டுமில்லை, காசு வாங்கிச் செய்கிற சேவைக்கும் பொருந்தும். மூன்று மாதத்துக்குள் முறையிட வேண்டும், ஆகவே "பாப்பம், பாப்பம்" என்று இழுக்காதீர்கள். அவர்களின் அவசர இலக்கம் 1977. கச்சேரியிலும் விசாரியுங்கள். கடிதத்தைத் தமிழிலேயே எழுதுங்கள், சிங்களம் தெரிந்த ஆளைத் தேடி இன்னொரு மாதம் அலைய வேண்டாம்.

கேள்வி: வகுப்பில் செய்து கொண்டுவந்ததில் வெள்ளையாகப் படிந்திருக்கிறது. பூஞ்சணமா? எறியவா? (வவுனியா)

பதில்: எறிய வேண்டாம். விரலால் தேய்த்துப் பாருங்கள். வழுக்கிக்கொண்டு மறைந்தால் அது மேலே வந்த கொக்கோ பட்டர். சரியாகப் பதப்படுத்தாமல் (உருக்கி, ஆறவிட்டு, மறுபடி கொஞ்சம் சூடேற்றாமல்) ஊற்றினாலும், வழியில் உருகி மறுபடி இறுகினாலும் அப்படி வரும். சொரசொரப்பாக இருந்தால், பிறிட்ஜ் ஈரத்தில் சீனி கரைந்து காய்ந்தது. இரண்டையும் தின்னலாம். மயிர் மாதிரி முளைத்து மணத்தால் மட்டும் எறியுங்கள். அடுத்த முறை காற்றுப் புகாத பெட்டியில் வைத்துப் பிறிட்ஜில் வையுங்கள். வெளியே எடுத்த உடனே திறக்காமல் சூடு ஆறுவதுபோலக் குளிரையும் ஆறவிடுங்கள்.

கேள்வி: மாத்தளையில் வகுப்பு முடியக் கொக்கோக் கன்றும் விற்றார்கள். ஒன்று 1,200 ரூபா. அடுத்த முறை போகும்போது பத்து வாங்கி வளவில் நடலாமா? (மாங்குளம்)

பதில்: வேண்டாம். நான் இரண்டு வாங்கினேன். கொக்கோ நிழலும் ஈரமும் கேட்கிற மரம், மாத்தளை, கண்டி, குருநாகல் பக்கம் நிற்பது அதற்காகத்தான். எங்களுக்கோ மாரி முடிந்தால் சோளகக் காற்றும் புழுதியும்தான். வாழைக்கு நடுவில் வைத்து, காலையும் மாலையும் வாளியில் ஊற்றி, பின்னேரம் ஓலை கட்டி நிழல் கொடுத்துப் பார்த்தேன். ஆவணியில் இலை விளிம்பு கருகி, புரட்டாதியில் இரண்டும் சுள்ளி. பலாவைப் போல அடிமரத்திலேயே காய்க்கும் என்று பக்கத்து வீட்டுக்குச் சொன்னதுதான் மிச்சம்.

அதே பயணத்தில் வாசனைத் திரவியத் தோட்டமொன்றில் "சும்மா பாருங்கள், காசில்லை" என்று கூட்டிப்போய்க் காட்டிவிட்டு, வாசலில் வைத்து முடி வளரும் எண்ணெய் ஒரு போத்தல் தலையில் கட்டினார்கள். விலை சொல்லமாட்டேன், என்ரை மனுசனுக்கு இன்னும் தெரியாது.

கேள்வி: மகள் உயர்தரம் எழுதிவிட்டு இருக்கிறாள். கொழும்பில் ஒரு நாள் சொக்கலேற் வகுப்பு, 18,000 ரூபா. "சர்வதேச அங்கீகாரம் பெற்ற சான்றிதழ்" தருகிறார்கள். வேலைக்கு உதவும்தானே? (கிளிநொச்சி)

பதில்: சான்றிதழ்! இந்தச் சொல்லைக் கேட்டால் எனக்குத் தலையிடி வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

மீள்குடியேறின காலத்தில் தறப்பாள் கொட்டிலுக்குள்ளேயே எங்களுக்குப் பயிற்சி தொடங்கியது. ஐசிங், சவர்க்காரம், பை தையல், காளான். மூன்று நாள் வகுப்பு, ஒரு பார்சல் சோறு, ஒரு குழுப் படம், ஒரு சான்றிதழ். என்னிடம் பதினொன்று இருக்கிறது. காளான் வளர்ப்புக்கும் ஒன்று. அந்த வருட மாரியில் காளான் முளைத்த ஒரே இடம், சான்றிதழ் மாட்டிய சட்டகத்தின் பின்பக்கம். வேலை தேடிப் போன ஒரு இடத்திலும் அந்தப் பதினொன்றில் ஒன்றைக்கூட ஒருவரும் விரித்துப் பார்க்கவில்லை. ஆனால் இன்றைக்கும் எங்கள் சனம் என்ன படிப்பிக்கிறீர்கள் என்று கேட்க முதல் சான்றிதழ் தருவீர்களா என்றுதான் கேட்கிறது. விற்கிறவனுக்கு இது நல்லாய்த் தெரியும். வகுப்பை அரை நாளாகக் குறைத்து, சான்றிதழின் ஓரத்துக்குப் பொன்நிறம் பூசுவான். "சர்வதேச அங்கீகாரம்" என்றால் எந்த நாடு, எந்த நிறுவனம், பதிவு இலக்கம் என்ன என்று கேட்டிருக்கிறீர்களா? உங்கள் கடிதத்தில் இல்லை. 18,000 ரூபாவுக்கு ஆடு வாங்கப் போனால் பல்லைப் பிடித்துப் பார்ப்பீர்கள்தானே.

இலங்கையில் தொழிலுக்குச் செல்லுபடியாவது என்விகியூ, அதாவது தேசிய தொழிற்தகைமை. மூன்றாம் நிலைக் கல்வி, தொழிற்கல்வி ஆணைக்குழுவில் நிறுவனமும் பயிற்சியும் பதிந்திருக்க வேண்டும். ஒரு நாளில் அது கிடைக்காது. மகளுக்கு உண்மையில் ஆசையென்றால் ஒரு டிஜிற்றல் வெப்பமானியும், கொக்கோ பட்டர் உள்ள நல்ல கறுப்புச் சொக்கலேற் கட்டி இரண்டு கிலோவும் வாங்கிக் கொடுங்கள். 45 முதல் 50 பாகை வரை உருக்கி, கிண்டிக் கிண்டி 27, 28க்கு இறக்கி, மறுபடி 31, 32க்கு ஏற்றி ஊற்றட்டும். கொழுப்பு சரியான பளிங்காக இறுகினால் மேல் பளபளக்கும், முறிக்கும்போது டக் என்று சத்தம் கேட்கும். விடியற்காலையில் செய்யச் சொல்லுங்கள், எங்கள் மத்தியான வெக்கையில் அது இறுகாது. பத்துத் தரம் பிழைக்கும். அந்த டக் சத்தம் வந்த பிறகு வகுப்புக்கு அனுப்புங்கள். அப்போது அவளே வாத்தியாரைக் குடைவாள்.

கேள்வி: சிலிக்கன் அச்சு 24 குழியுடன் இணையத்தில் மலிவு. வாங்கவா? (முல்லைத்தீவு)

பதில்: நானும் வாங்கினேன். இப்போது அதில் ஐஸ்கட்டி போடுகிறேன். பளபளப்பு வேண்டுமென்றால் விறைப்பான பொலிகாபனேற் அச்சு.

கேள்வி: பெல்ஜியத்தில் இருக்கிற தங்கச்சி வீட்டுக்குப் போகிறேன். பிரசல்ஸில் சொக்கலேற் வகுப்புக்கு இடம் பதியச் சொல்கிறாள். கொக்கோத் தோட்டமும் காட்டுவார்களா? (ஒட்டுசுட்டான்)

பதில்: தம்பி, அந்தக் குளிரில் கொக்கோ காய்க்காது. அவர்களின் கெட்டித்தனம் வேறு: உள்ளே நிரப்பு வைத்த பிரலீனை 1912இல் ஜான் நியூஹாஸ் அங்கேதான் செய்தார். ஆகவே வகுப்பில் ஆயத்தமான சொக்கலேற்றை உருக்கி, பதப்படுத்தி, நிரப்பப் பழக்குவார்கள். அதற்குப் போவதென்றால் தாராளமாகப் போங்கள். எந்த மொழியில் நடக்கும், விசா பிந்தினால் காசு திரும்புமா என்று தங்கச்சியைக் கேட்கச் சொல்லுங்கள். சில நிரப்புகளில் மதுவும் இருக்கும், விரதக்காரருக்குக் கொண்டுவர முதல் விசாரியுங்கள்.

கேள்வி: வகுப்பில் பழகியதை வீட்டில் செய்து பார்த்தேன். வித்தியாசமாக இருக்கட்டும் என்று உருகின சொக்கலேற்றுக்குள் பனங்கட்டிப் பாகு விட்டேன். மண் குழைத்த மாதிரிக் கட்டிப்பட்டுவிட்டது. அவர்கள் விற்ற கட்டி போலியா? (துணுக்காய்)

பதில்: கட்டியில் பிழையில்லை, பாகில் இருக்கிற தண்ணீர்தான் காரணம். உருகின சொக்கலேற்றில் நாலு சொட்டு ஈரம் பட்டாலே சீனித்தூள் எல்லாம் ஒட்டிக்கொண்டு இறுகும். ஈரக் கரண்டியும் அதே வேலையைச் செய்யும். பனங்கட்டி ருசி வேண்டுமென்றால் நன்றாக உலர்த்தி இடித்து, கொக்கோ அரைபடும்போதே கிறைண்டரில் சேர்க்க வேண்டும். இப்போது கெட்டுப்போனதாக நினைத்து வைத்திருப்பதை எறிந்துவிடாதீர்கள். கொதிக்கக் காய்ச்சின பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு அடியுங்கள், இளகி வரும். இன்னும் கொஞ்சம் பால் விட்டுக் கோப்பையில் ஊற்றிக் குடியுங்கள்.