சந்தேகப்படுவது அவ்வளவு பெரிய குற்றமா? தத்துவத்திலும் இலக்கியத்திலும் அதற்கு நல்ல பெயரே கிடையாதா?

எதைச் சொன்னாலும் திருப்பிக் கேள்வி கேட்பதாகவும், "உனக்குச் சந்தேகப் புத்தி" என்று வீட்டில் திட்டுவதாகவும் எழுதியிருக்கிறீர்கள். அநேகமாகப் புகுந்த வீடாக இருக்கும். பிறந்த வீட்டில் சொல்லியிருந்தால் இங்கே வந்து எழுத மாட்டீர்கள், அங்கேயே சண்டை போட்டு முடித்திருப்பீர்கள். ஊகம் தப்பென்றால் மன்னிக்கவும்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் தத்துவம் படித்தவன் இல்லை. பி.ஏ. தமிழ், அதுவும் அஞ்சல் வழியில். முப்பது வருடம் ப்ரூஃப் பார்த்தே, அதாவது அச்சுக்குப் போகுமுன் பிழை திருத்தியே, பிழைத்தவன். ஒரு பாரத்துக்கு, அதாவது 16 பக்கத்துக்கு, இவ்வளவு என்று கூலி. ஊருக்கெல்லாம் சந்தேகம் வந்தால் தூக்கம் போகும், எனக்கு அது வந்தால்தான் சோறு. அதனால் உங்கள் கேள்வியைத் தாண்டிப் போக முடியவில்லை.

1994-ல் நடந்தது. மேலைத் தத்துவம் பற்றி ஒரு பேராசிரியர் எழுதிய புத்தகம். மூன்றாம் ப்ரூஃப், இரவு பதினொன்றுக்கு மேல் ஆகிவிட்டது, காலையில் ட்ரேசிங், அதாவது அச்சுத் தகட்டுக்கான கடைசிப் பிரதி, எடுத்தாக வேண்டும். நடுவில் ஒரு வரி: 'எனக்கு என்ன தெரியும்? என்று கேட்டார் மோந்தேன்.' எனக்குச் சிரிப்பு வந்தது. இது சாக்ரட்டீஸ் சொன்னதாயிற்றே, பத்தாம் வகுப்புப் பையனுக்குக்கூடத் தெரியுமே, பேராசிரியரே தூங்கிவிட்டார் போலிருக்கிறது என்று நினைத்து, சிவப்பு மையில் மோந்தேனை அடித்துவிட்டுச் சாக்ரட்டீஸ் என்று எழுதினேன். வீட்டுக்குப் போய் மனைவியிடம் பெருமை வேறு அடித்துக்கொண்டேன்.

1200 பிரதி அச்சாகி, பைண்டிங்கும் முடிந்தது. பேராசிரியர் வந்தார். கத்துவார் என்று நினைத்தேன், கத்தவில்லை. "தம்பி, உமக்குச் சந்தேகம் வந்திருந்தால் எனக்கு ஒரு போன் போட்டிருப்பீர். உமக்குச் சந்தேகமே வரவில்லை, அதுதான் கோளாறு" என்றார். 1200 பிரதியிலும் 'பிழை திருத்தம்' என்று துண்டுச் சீட்டு ஒட்டினார்கள், அந்தக் கூலி என் கணக்கில் கழிந்தது. கழித்தது நியாயம்தான், அதில் எனக்கு வருத்தம் இல்லை.

அந்த ஆள் யார்தான் என்று பார்த்துவிடுவோம் என்று அப்புறம் தேடித் தேடிப் படித்தேன். மிஷேல் தெ மோந்தேன் பிரான்சில் பொர்தோ நகரத்து நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர். 1571-ல் வேலையை விட்டுவிட்டு வீட்டுக் கோபுரத்தில் இருந்த நூலகத்தில் போய் உட்கார்ந்துகொண்டார். அந்த அறையின் உத்தரங்களில் கிரேக்க, லத்தீன் வாசகங்களை எழுதி வைத்திருந்தார், அவற்றில் பல செக்ஸ்டஸ் எம்பிரிக்கஸ் என்ற, ஐயவாதத் தத்துவம் எழுதிய பழைய கிரேக்க வைத்தியருடையவை. செக்ஸ்டஸின் நூல் 1562-ல்தான் லத்தீனில் அச்சாகி ஐரோப்பாவில் பரவலாகக் கைக்குக் கிடைத்தது. அதே 1562-ல்தான் பிரான்சில் கத்தோலிக்கரும் புராட்டஸ்டண்டுகளும் ஒருவரை ஒருவர் வெட்டிக்கொள்ளவும் ஆரம்பித்தார்கள். சுற்றிலும் எல்லோருக்கும் எல்லாமே நிச்சயமாகத் தெரிந்திருந்த காலம். அந்த நேரத்தில் ஒரு மனிதர் தராசு ஒன்றைச் சின்னமாக வைத்துக்கொண்டு அதற்கு வாசகமாக 'எனக்கு என்ன தெரியும்?' என்று போடுகிறார். ஏன் கேள்வியாகப் போட்டார் தெரியுமா? 'எனக்கு ஒன்றும் தெரியாது' என்று எழுதினால் அதுவும் அடித்துச் சொல்வதாகத்தானே ஆகும்! நான் சாக்ரட்டீஸ் பெயரை எழுதியபோது இந்த நுணுக்கத்தைத்தான் கொலை செய்தேன். போதாததற்கு, நம் நோட்ஸ்களில் வருகிற 'எனக்கு ஒன்றும் தெரியாது என்பது மட்டும் தெரியும்' என்ற வாசகம் பிளேட்டோ எழுதிய வழக்குரையில், அதாவது சாக்ரட்டீஸ் நீதிமன்றத்தில் பேசியதாக அவர் எழுதிய நூலில், அப்படியே இல்லை. தெரியாததைத் தெரிந்ததாக நான் நினைத்துக்கொள்வதில்லை, அந்த அளவுக்கு மட்டும் மற்றவரைவிட அறிவாளி, என்கிற மாதிரிதான் அங்கே சாக்ரட்டீஸ் பேசுகிறார். ஆக, தப்பான இடத்தில் தப்பான மேற்கோள்.

மோந்தேன் சொன்னதில் எனக்கு ரொம்பப் பிடித்தது சூனியக்காரிகளை எரிப்பது பற்றியது. ஒரு மனுஷனை உயிரோடு வறுக்கிற அளவுக்கு நம்முடைய ஊகத்துக்கு விலை வைப்பது ரொம்ப அதிகம் என்கிறார். கோட்டு போட்டு நீதிபதியாக உட்கார்ந்திருந்தவர் இதைச் சொல்கிறார் என்பதையும் கவனியுங்கள். கடைசி ட்ரேசிங் போகிற ராத்திரியில் எனக்கு அடிக்கடி இது ஞாபகம் வரும்.

செக்ஸ்டஸ் தன் நூலை ஆரம்பிக்கும்போதே மூன்று வகை ஆட்களைச் சொல்கிறார். உண்மையைக் கண்டுபிடித்தாயிற்று என்பவர்கள், அது கண்டுபிடிக்கவே முடியாதது என்பவர்கள், இன்னும் தேடிக்கொண்டிருப்பவர்கள். இந்த மூன்றாவது கூட்டத்துக்குத்தான் 'ஸ்கெப்டிகோஸ்' என்று பெயர். மூலத்தில் அதற்குத் தேடிப் பார்ப்பவன் என்றுதான் பொருள். தமிழில் நாம் 'சந்தேகப் பேர்வழி' என்று ஆக்கியதும் வாசனையே மாறிவிட்டது. இவர்களுக்கெல்லாம் முன்னோடி என்று சொல்லப்படும் பிர்ரோ, அலெக்சாந்தர் படையோடு இந்தியா வரைக்கும் வந்து இங்கே இருந்த நிர்வாண ஞானிகளைப் பார்த்தவர் என்று ஒரு பழைய குறிப்பு உண்டு. அதைப் பிடித்துக்கொண்டு 'ஐயவாதமே நாம் கொடுத்ததுதான்' என்று யாராவது கீழே எழுதுவீர்கள், தயவுசெய்து வேண்டாம். பார்த்தார் என்றால் பார்த்தார், அவ்வளவுதான்.

நம் பக்கம் என்ன இருக்கிறது என்றால், மணிமேகலையின் சமயக் கணக்கர் காதையில் நேராகவே இருக்கிறது. வஞ்சி நகரத்தில் மணிமேகலை ஒவ்வொரு சமயத்தாரிடமும் போய் உங்கள் கொள்கை என்ன என்று கேட்டுக்கொண்டே போகிறாள். (ஒரு பெண் இத்தனை பேரைக் கேள்வி கேட்கிறாள், யாரும் அவளைச் சந்தேகப் புத்தி என்று சொல்லவில்லை. உங்கள் வீட்டில் படித்துக் காட்டுங்கள்.) முதலில் பேசுகிற அளவைவாதி, அதாவது எது சரியான அறிவு என்று அளந்து பார்க்கிற தர்க்கக்காரன், அறிவில் வரும் கோளாறுகள் எட்டு என்று பட்டியல் போடுகிறான். அதில் ஐயம் ஒன்று: தூரத்தில் தெரிவது தறியோ மகனோ, கட்டையோ மனுஷனோ என்று நிற்பது. இன்னொன்று தேராது தெளிதல்: யோசித்துப் பார்க்காமல் கட்டையை மனுஷன் என்றே முடிவு செய்வது. இரண்டும் கோளாறுதான் என்கிறான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இரண்டும் வேறு வேறு. ஐயத்தில் நிற்பவன் நாலடி நடந்து கிட்டே போய்ப் பார்ப்பான். மற்றவன் ஏன் போகிறான்? என் சிவப்பு மை செய்தது இந்த இரண்டாவது வேலை.

இந்தக் குழப்பத்தில்தான் சந்தேகத்துக்குக் கெட்ட பெயரே வந்தது என்பது என் கட்சி. மனைவியைச் சந்தேகப்பட்டுக் கொன்றான் என்று பேப்பரில் போடுகிறார்கள். அவன் எங்கே சந்தேகப்பட்டான்? முடிவல்லவா செய்துவிட்டான்! ஷேக்ஸ்பியர் நாடகத்தில் மனைவி டெஸ்டிமோனாவைக் கொல்லும் ஒதெல்லோவே இதை வாயால் சொல்கிறான், ஒரு முறை சந்தேகம் வந்தால் அப்போதே தீர்மானித்தாயிற்று என்று. ஒரு கைக்குட்டை போதுமாக இருந்தது அவனுக்கு. டெஸ்டிமோனாவிடம் ஒழுங்காக விசாரித்திருந்தால் நாடகம் பாதியில் முடிந்திருக்கும். அதே ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டோ, செத்துப்போன அப்பாவின் ஆவியே வந்து, என்னைக் கொன்றவன் இப்போதைய அரசன்தான் என்று சொல்லியும், இது பிசாசின் வேலையாக இருந்தால் என்று யோசித்து, அரசன் முன்னால் ஒரு நாடகம் போட்டு முகத்தைப் பார்த்துச் சோதிக்கிறான். தறியோ மகனோ! ஹாம்லெட்டும்தான் கடைசியில் செத்தான் என்பீர்கள். சரி, செத்தான்.

'தெளிந்தான்கண் ஐயுறவும் தீரா இடும்பை தரும்' என்று குறளைத் தூக்கிக்கொண்டு வருபவர்களுக்கு: அந்தக் குறள் 'தேரான் தெளிவும்' என்றுதான் ஆரம்பிக்கிறது, ஆராயாமல் நம்புவதும் அதே இடும்பைதான் என்று. பாதியை மட்டும் மேற்கோள் காட்டினால் என்னைப் போன்றவனுக்குக் கை அரிக்கும்.

சம்பந்தமில்லாத ஒன்று, சொல்லாமல் இருக்க முடியவில்லை. புத்தகத்தின் முன்பக்கத்தில் அட்டை வரைந்தவர் பெயர் இருக்கும், டிடிபி செய்தவர் பெயர் இருக்கும், அச்சகத்தின் பெயர் இருக்கும், முன்னுரையில் டீ வாங்கிக் கொடுத்த பையனுக்குக்கூட நன்றி இருக்கும். ப்ரூஃப் பார்த்தவன் பெயரை நான் பார்த்த நூற்றுக்கணக்கான புத்தகங்களில் மூன்றில்தான் போட்டார்கள். பிழை வந்தால் மட்டும் 'எவன்யா ப்ரூஃப் பார்த்தது' என்று தேடுவார்கள். இப்போது அந்தக் கேள்விக்கும் வழியில்லை, ப்ரூஃபே பார்க்காமல் அச்சுக்குப் போகிறது. ஒரு பதிப்பாளர் எனக்கு இன்னும் பதினொரு பாரத்துக்குப் பணம் தர வேண்டும். போகட்டும்.

அந்தப் பேராசிரியர் அடுத்த புத்தகத்துக்கும் என்னைத்தான் கேட்டு வாங்கினார். அதற்குள் நான் சிவப்புப் பேனாவை எழுத்துப் பிழைக்கு மட்டும் என்று ஒதுக்கிவிட்டேன். விஷயத்தில் இடறினால் ஓரத்தில் பென்சிலால் ஒரு கேள்விக்குறி, அவ்வளவுதான். நாற்பதுக்கு மேல் போட்டேன். பெரும்பாலானதற்கு 'நீர் சொல்வது தப்பு' என்றும் சிலவற்றுக்குச் 'சரிதான்' என்றும் எழுதித் திருப்பி அனுப்பினார். ஒரே ஒரு இடத்தில் மட்டும் என் கேள்விக்குறிக்குப் பக்கத்தில் அவரும் ஒரு கேள்விக்குறி போட்டிருந்தார். கடைசி ப்ரூஃப் என்னிடம் வரவில்லை. டிடிபி பையன் இரண்டையும் சேர்த்து வரிக் கடைசியில் அடித்துவிட்டான், அந்தப் புத்தகத்தில் அந்த வாக்கியம் இன்றைக்கும் இரண்டு கேள்விக்குறியோடுதான் நிற்கிறது.