பதில்: விளம்பரத்தில் கேட்காத பிஎச்டி, தென்னாப்பிரிக்காவின் டர்பனில் விரிவுரையாளர் வேலை

வணக்கம் சகோதரி. முதுகலைப் பட்டம் போதும் என்று விளம்பரம் கொடுத்துவிட்டு, பிஎச்டி இல்லை என்று நேர்காணலுக்கே கூப்பிடவில்லை, உயர் நீதிமன்றம் போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

நேரே அங்கே போகாதீர்கள். கிரஹாம்ஸ்டவுனில் ஒரு காவல் அதிகாரி, தான் பார்த்த பதவியைத் தரம் உயர்த்தி வேறொருவருக்குக் கொடுத்துவிட்டார்கள் என்று வழக்குப் போட்டார். இப்படிப்பட்ட வேலை விவகாரம் பொதுவாக நிர்வாகச் சட்டத்தில் (அரசு அமைப்புகளின் முடிவுகளை உயர் நீதிமன்றம் ஆராய வழிசெய்யும் சட்டம்) வராது என்று 2009-இல் அரசியலமைப்பு நீதிமன்றமே சொல்லிவிட்டது. வக்கீல் செலவுதான் மிச்சம்.

உங்களுக்குப் பொருந்துவது 1998-இன் வேலைவாய்ப்புச் சமத்துவச் சட்டம். பாகுபாட்டைப் பொறுத்தவரை விண்ணப்பித்தவரும் ஊழியர் கணக்குத்தான் (பிரிவு 9). ‘தகுதி’ என்றால் பட்டம் மட்டுமில்லை, அனுபவமும் சேரும் என்கிறது 20(3). ஆனால் வெறும் அநியாயம் போதாது; இனம், பிறப்பிடம் போன்ற காரணத்தால் ஒதுக்கினார்கள் என்று காட்டவேண்டும். பிஎச்டி இல்லாத இன்னொருவரைக் கூப்பிட்டிருந்தால், பிடி அங்கேதான்.

அதைத் தெரிந்துகொள்ள, தகவல் பெறும் சட்டத்தின் கீழ் தேர்வு அளவுகோலையும் குழுவின் கூட்டக் குறிப்பையும் கேளுங்கள். 30 நாளில் பதில் தரவேண்டும். அடுத்தவர் பெயரை மறைத்துத்தான் தருவார்கள், பரவாயில்லை.

உங்கள் தமிழ்நாட்டுப் பட்டத்துக்குச் சாக்வா (வெளிநாட்டுப் பட்டங்களை மதிப்பிடும் தென்னாப்பிரிக்க அமைப்பு) கொடுத்த சான்றிதழில் எந்த நிலைக்கு இணை என்று போட்டிருக்கிறது? ‘ஆனர்ஸ்’ (அங்கே முதுகலைக்கு ஒரு படி கீழே) என்றிருந்தால் கதையே வேறு. பார்த்துச் சொல்லுங்கள்.

பாகுபாட்டுப் புகாரை சிசிஎம்ஏ-வில் (வேலைத் தகராறுகளைத் தீர்க்கும் சமரச ஆணையம்) பதியக் கட்டணம் கிடையாது; சம்பவம் நடந்த 6 மாதத்துக்குள் பதிந்துவிடுங்கள்.