வாசகர் கேள்வி – பதில்: நத்தை ஓடு ஏன் பல வடிவம்?

வடகிழக்குப் பருவமழை தொடங்கியதிலிருந்து நத்தைகளைப் பற்றிய கடிதங்கள் அதிகம் வருகின்றன. அவற்றுள் ஓட்டின் வடிவத்தைப் பற்றிய நான்கு கேள்விகளை மட்டும் இம்முறை எடுத்துக்கொண்டுள்ளோம்.

கேள்வி: தொடக்கநிலை நான்கில் படிக்கும் என் மகன், எங்கள் புளோக்கின் அருகே பூங்கா இணைப்புப் பாதை ஓரத்தில் இரண்டு காலி ஓடுகளைப் பொறுக்கி வந்தான். ஒன்று விரல் நீளத்தில், கூம்பாக, பழுப்புக் கோடுகளுடன் இருக்கிறது. மற்றது நகத்தளவே, தட்டையாக இருக்கிறது. சிறியது பெரியதன் குஞ்சா?
– ஒரு வாசகி, ஈசூன்

குஞ்சாக இருக்க வாய்ப்பில்லை. அது வேறு இனம். இதை உங்கள் மகனே சோதித்துப் பார்க்கலாம். நத்தை தன் ஓட்டைக் கழற்றி மாற்றுவதில்லை. முட்டையிலிருந்து வெளிவந்தபோது அதன் முதுகில் இருந்த சின்னஞ்சிறு ஓடே, வளர்ந்த ஓட்டின் நுனியாகக் கடைசிவரை நிற்கிறது. ஆகவே பெரிய ஓட்டின் நுனியிலுள்ள முதல் இரண்டு மூன்று சுற்றுகளைச் சிறிய ஓட்டோடு ஒப்பிட்டால், இரண்டும் ஒரே இனமா என்பது பெரும்பாலும் தெரிந்துவிடும். நீங்கள் சொல்லும் அடையாளங்களை வைத்துப் பார்த்தால், பெரியது ஆப்பிரிக்க இராட்சத நத்தையின் ஓடு. கிழக்கு ஆப்பிரிக்காவிலிருந்து மனிதர் கைவழியே ஆசியாவுக்கு வந்த இனம் அது; 1847இல் கல்கத்தாவில் கொண்டுவந்து விடப்பட்ட செய்தி பதிவாகியிருக்கிறது. அதன் ஓடு 20 சென்டிமீட்டர் வரை வளரக்கூடும். அதன் குஞ்சுக்குச் சுற்றுகள் குறைவு என்பதால் ஓடு உருண்டையாகத் தோன்றும். ஆனாலும் நுனி மேலே எழும்பி நிற்குமே தவிர, தட்டையாக இராது.

வடிவம் எப்படி உண்டாகிறது என்பதையும் மகனுக்குச் சொல்லுங்கள். நத்தையின் உள்ளுறுப்புகளைப் போர்த்தியிருக்கும் மெல்லிய தசைப் போர்வையின் விளிம்பு, முதலில் ஒரு புரதப் படலத்தை விரித்து, அதன் அடியில் கால்சியம் கார்பனேட்டைப் படிய வைக்கிறது. ஓடு நீள்வது வாய்விளிம்பில் மட்டுமே. ஏற்கெனவே கட்டிய பகுதி உட்புறம் தடிக்கலாமே ஒழிய, உருவம் மாறாது. நம் ஊரில் கச்சாங் பூத்தே விற்பவர் கடலையை அள்ளிப் போடும் காகிதக் கூம்பை மிக நீளமாக்கி, ஓர் அச்சைச் சுற்றி வளைத்துக்கொண்டே போனால் கிடைப்பதுதான் நத்தை ஓடு. அந்தச் சுருளுக்குக் கணித ஒழுங்கு உண்டு என்பதை 1838இலேயே ஹென்றி மோஸ்லி என்ற ஆங்கிலேயர் எழுதிக் காட்டினார். 1966இல் அமெரிக்கத் தொல்லுயிரியலாளர் டேவிட் ராப் அதை இன்னும் எளிமையாக்கினார். ஒரு சுற்று முடிவதற்குள் குழல் எத்தனை மடங்கு விரிகிறது, நடு அச்சிலிருந்து எவ்வளவு தள்ளி நிற்கிறது, அச்சின் வழியே எவ்வளவு கீழிறங்குகிறது என்ற மூன்று அளவுகளையும், வாயின் உருவத்தையும் கணினிக்குக் கொடுத்தால், பெரும்பாலான சங்கு, நத்தை, சிப்பி வடிவங்களைத் திரையில் வரைந்துவிடலாம் என்று அவர் காட்டினார். உங்கள் மகனின் இரண்டு ஓடுகளுக்கும் உள்ள வேறுபாடு முக்கியமாக மூன்றாவது அளவில்தான் இருக்கிறது: கீழிறக்கம் மிகுந்தால் கூம்பு, ஏறக்குறைய இல்லாவிட்டால் தட்டு.

இந்த அளவுகளைக் கலந்து எந்த வடிவத்தையும் கணக்கில் உருவாக்கலாம் என்றாலும், இயற்கை எல்லாவற்றையும் பயன்படுத்தவில்லை என்பதே எனக்கு மிகவும் சுவையாகப்படும் செய்தி. தரைவாழ் நத்தைகளின் ஓடுகளில் உயரத்துக்கும் அகலத்துக்கும் உள்ள விகிதத்தை உயிரியலாளர் ஆர்தர் கெய்ன் 1977இல் தொகுத்துப் பார்த்தபோது, அவை நெட்டையானவை, தட்டையானவை என இரு கூட்டங்களாகப் பிரிந்து நிற்பதைக் கண்டார், இடைப்பட்டவை குறைவு. நெட்டை ஓடு செங்குத்தான பரப்பில் தொங்குவதற்கும், தட்டை ஓடு கிடைப்பரப்பில் ஊர்வதற்கும் இலைச்சருகு இடுக்குகளில் நுழைவதற்கும் வசதியானவை என்பது இதற்குச் சொல்லப்படும் விளக்கங்களில் ஒன்று.

சுண்ணாம்புச் சத்து கிடைக்கும் இடமும் முக்கியம். புக்கிட் தீமாவின் கருங்கல் பாறைமேல் உள்ள மண் அமிலத்தன்மை கொண்டது. அங்கே ஓடு கட்டுவது செலவுமிக்க வேலை. மலேசியாவின் சுண்ணாம்புக் குன்றுகளிலோ நத்தை இனங்கள் குவிந்து கிடக்கின்றன. ஈப்போ வட்டாரத்துக் குன்று ஒன்றிலிருந்து 2008இல் விவரிக்கப்பட்ட ஓர் இனத்தின் ஓடு, ஓரிரு மில்லிமீட்டர் அளவே ஆனாலும், நான்கு வெவ்வேறு அச்சுகளைச் சுற்றி முறுக்கிக்கொண்டு வளர்கிறது. ராப்பின் கணக்குக்குள் அது அடங்காது. குடியிருப்புப் பகுதிகளில் வாழும் ஆப்பிரிக்க நத்தைக்குச் சுண்ணாம்பு ஒரு சிக்கலே இல்லை. சுவர்ப் பூச்சையும் சிமெண்டையும் சுரண்டித் தின்று தேவையைத் தீர்த்துக்கொள்கிறது.

ஓர் எச்சரிக்கை: இந்த நத்தை எலி நுரையீரல் புழுவைச் சுமக்கக்கூடியது. மனித உடலுக்குள் புகுந்தால் அப்புழு மூளையுறை அழற்சியை உண்டாக்கலாம். உயிருள்ள நத்தையை வெறுங்கையால் தொட வேண்டாம். காலி ஓட்டைத் தொட்டாலும் சவர்க்காரம் போட்டுக் கை கழுவச் சொல்லுங்கள்.

கேள்வி: எங்கள் வீட்டுப் பூந்தொட்டியின் அடியில் ஓடு இல்லாத நத்தை ஒன்று இருந்தது. பழைய ஓட்டை விட்டுவிட்டு வேறு ஓட்டைத் தேடிப் போகிறதா?
– ஒரு வாசகர், உட்லண்ட்ஸ்

அப்படி ஓடு மாற்றிக் குடிபுகுவது துறவி நண்டு. நத்தையால் அது முடியாது. ஓட்டின் நடுத்தூணோடு அதன் உடல் ஒரு தசையால் பிணைந்திருக்கிறது, பிய்த்தெடுத்தால் இறந்துவிடும். நீங்கள் கண்டது இலையட்டை என்றும் சிலர் சொல்லும் ஓடில்லா நத்தையாக இருக்கும். ஓட்டைக் குறைத்துக்கொண்டே வந்து இறுதியில் துறந்துவிட்ட பரம்பரைகள் நத்தைக் குலத்தில் ஒன்றல்ல, பல. பாதி வழியில் நிற்பவையும் உண்டு. முதுகில் நகம் போன்ற மெல்லிய ஓட்டை மட்டும் வைத்திருக்கும் அரை நத்தை ஒன்று சிங்கப்பூர்த் தோட்டங்களிலும் காணப்படுகிறது. அதையும் தொடாதிருப்பது நல்லது.

கேள்வி: தேக்காவில் ஒரு கடையில் வலம்புரிச் சங்கு என்று காட்டி அதிக விலை சொன்னார்கள். இயற்கையில் சங்கும் நத்தையும் எந்தப் பக்கம் சுழலும்? வலம்புரி ஏன் அரிது?
– ஒரு வாசகர், சிராங்கூன்

ஓட்டின் நுனியை மேலே வைத்து, வாய் நம்மை நோக்கும்படி பிடித்துப் பாருங்கள். வாய் வலப்புறம் இருந்தால் அதை வலச்சுழல் என்றும், இடப்புறம் இருந்தால் இடச்சுழல் என்றும் உயிரியலார் கொள்கின்றனர். பத்தில் ஒன்பதுக்கும் மேற்பட்ட இனங்கள் வலச்சுழலே. நம் வழக்கத்தில் சங்கைத் தலைகீழாக, நீண்ட முனை மேலிருக்கப் பிடிப்பதால், கோவில்களில் வலம்புரி எனப்படும் சங்கு உயிரியலாரின் கணக்கில் இடச்சுழலாகிறது. மன்னார் வளைகுடாவில் எடுக்கப்படும் சங்கு இனத்தில் அத்தகையது மிக மிக அரிதாகவே பிறக்கிறது.

ஆனால் அமெரிக்காவின் அட்லாண்டிக் கரையிலும் மெக்சிகோ வளைகுடாவிலும் வாழும் வேறொரு கடல்நத்தை இனம் இயல்பாகவே இடப்பக்கம் சுழல்வது. அதன் ஓட்டை வலம்புரி என்று விற்பது பல நாடுகளில் நடக்கும் வியாபாரம். அசல் சங்கின் நடுத்தூணில் மூன்று நான்கு மடிப்புகள் தெளிவாகத் தெரியும்; அமெரிக்க ஓட்டில் அப்படி இராது. வாய்க்குள் விளக்கடித்துப் பார்க்காமல் பணத்தை எடுக்காதீர்கள்.

ஏன் அரிது என்பதற்கு நன்னீர் நத்தைகளில் விடை கிடைத்திருக்கிறது. ஐரோப்பியக் குளத்து நத்தை ஒன்றில், சுழலும் திசையை முடிவு செய்வது குஞ்சின் மரபணு அன்று, தாயின் மரபணு. தாய் முட்டைக்குள் வைத்து அனுப்பும் புரதம், கருவின் முதல் சில பிளவுகளிலேயே உடலின் வலஇடத்தைத் தீர்மானித்துவிடுகிறது. ஒரே ஒரு மரபணுவைச் செயலிழக்கச் செய்து இடச்சுழல் நத்தைகளைப் பெற்றதாக ஜப்பானிய ஆய்வாளர்கள் 2019இல் வெளியிட்டனர். இடச்சுழல் நத்தைக்கு உறுப்புகளும் இடம் மாறியிருப்பதால், தட்டை ஓட்டு இனங்களில் அதற்குத் துணை சேர்வது கடினம். எனவே அது பெருகுவதில்லை. இதற்கு மாறான காட்சியைக் காண நெடுந்தொலைவு போக வேண்டியதில்லை. திரங்கானு கரைக்கு அப்பாலுள்ள காப்பாஸ் தீவில் ஒரு மரநத்தை இனத்தில் வலச்சுழலும் இடச்சுழலும் கலந்தே வாழ்கின்றன. அவை எதிர்ச்சுழல் துணையையே அதிகம் நாடுகின்றன என்று கண்டிருக்கிறார்கள். ஜப்பானின் தென்தீவுகளிலோ, வலச்சுழல் நத்தையை உறிஞ்சித் தின்பதற்கேற்ப வலத் தாடையில் அதிகப் பற்கள் கொண்ட பாம்பு ஒன்று உண்டு. அதன் பிடியிலிருந்து இடச்சுழல் நத்தைகள் எளிதில் தப்பிவிடுவதால், அங்கே அரிதாயிருப்பதே ஆதாயமாகிவிடுகிறது.

கேள்வி: சுங்கை புலோவில் நடந்தபோது சேற்றிலும் மரவேர்களிலும் கண்ட நத்தைகளின் ஓடுகள் தடிப்பாகவும் கரடுமுரடாகவும் இருந்தன. தோட்டத்து நத்தையின் ஓடு விரலால் அழுத்தினாலே நொறுங்குகிறதே, ஏன்?
– ஒரு வாசகி, பொங்கோல்

நண்டு முதற்காரணம். வெப்பமண்டலக் கடலோரத்தில் நத்தை ஓட்டை உடைத்துத் தின்னும் நண்டுகளும் மீன்களும் மிகுதி. தடித்த சுவர், குறுகிய வாய், முடிச்சுகள், முள்கள் எல்லாம் அவற்றுக்கு எதிரான காப்புகள் என்பதை விரிவாக எடுத்துக்காட்டியவர் ஓடுகளை ஆராய்ந்த உயிரியலாளர் கீராட் வெர்மெய். சிறு வயதிலேயே பார்வையை இழந்த அவர், ஓடுகளை விரல்களால் தடவியே ஆராய்ந்தவர். உடைந்து மீண்டும் ஒட்டிய தழும்புகளைக் கண்ணுள்ளவர்களைவிட நுட்பமாக உணர்ந்தவர் என்றே நினைக்கிறேன். ஐரோப்பியப் பாறைக் கரைகளில் ஒரே இனத்துக்குள்ளேயே இந்த வேறுபாடு தெரிகிறது: நண்டு மிகுந்த இடத்தில் ஓடு பெரிது, தடிப்பு, வாய் குறுகல், அலை மோதும் பாறையில் ஓடு சிறிது, மெல்லியது, ஆனால் பாறையை இறுகப் பற்றும் பாதத்துக்கு இடம்தர வாய் அகலம்.

வெயிலும் ஒரு காரணம். நம் கடல்தடுப்புச் சுவர்களின் உச்சியில் ஒட்டியிருக்கும் சிறுநத்தைகளின் முடிச்சு ஓடு, வெப்பத்தை வெளியேற்ற உதவுவதாகக் கருதப்படுகிறது. தோட்டத்து நத்தை பகலில் நிழலிலேயே ஒளிந்துகொள்கிறது. முழு எடையையும் நீரின் தாங்குதலின்றித் தானே சுமக்கவும் வேண்டும். ஆகவே தடித்த ஓடு அதற்குப் பாரம்தான்.

நீங்கள் சேற்றில் கண்ட நீண்ட கரிய கூம்பு பெரும்பாலும் ரோடோங் என்று மலாய்க்காரர் அழைக்கும் நத்தையாக இருக்கும். அது பத்து சென்டிமீட்டர் வரை வளரும். அதற்குச் சிறிய உறவான சீப்புட் செடுட், தேங்காய்ப்பாலில் சமைக்கப்படுவது. அதன் வளர்ந்த ஓட்டில் நுனி தானாகவே உடைந்து மழுங்கியிருப்பதைக் கவனித்திருப்பீர்கள். உள்ளே ஒரு தடுப்பைக் கட்டி நத்தை அந்த இடத்தை முன்பே காலி செய்துவிடுகிறது. உறிஞ்சிச் சாப்பிடுவதற்காகச் சமையற்காரர் நறுக்கி எறிவது அந்தத் தடுப்புள்ள பகுதியைத்தான். சுங்கை புலோவில் மட்டும் காலி ஓட்டையும் எடுக்காதீர்கள். இயற்கை வனப்பகுதியிலிருந்து எதையும் எடுத்துச் செல்வது குற்றம், அந்த ஓடுகளுக்குள் துறவி நண்டுகளும் குடியிருக்கும்.