கன்சென்ட்: எதற்கு, யாருடையது? (கேள்வி பதில்)

எங்கள் வேலூர் வாசகர் வட்டம் மாதம் ஒரு ஆங்கிலச் சொல்லை எடுத்துக்கொண்டு அலசுகிறது. இந்த மாதம் ‘கன்சென்ட்’. நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன் என்பதால் பதில் சொல்லும் வேலையை என் தலையில் கட்டிவிட்டார்கள். இலக்கணக் கேள்விகள்தான் வரும் என்று நினைத்தேன். ஆஸ்பத்திரி, தோல் ஷாப்பு, பத்திர ஆபீஸ், குடும்ப கோர்ட்டு என்று நாலா பக்கமும் இருந்து வந்திருக்கிறது. சட்ட விஷயங்களைப் பொதுவாகத்தான் சொல்லியிருக்கிறேன். சொந்த வழக்கு இருப்பவர்கள் வக்கீலைப் பாருங்கள்.

கேள்வி (குடியாத்தம், ஆங்கில ஆசிரியை): சார், கன்சென்ட், பர்மிஷன், அக்ரிமென்ட் எல்லாவற்றுக்கும் பிள்ளைகள் ‘சம்மதம்’ என்றே எழுதுகிறார்கள். எப்படிப் பிரித்துச் சொல்வது?

பதில்: பள்ளிக்கூடச் சுற்றுலாவையே எடுத்துக்கொள்ளுங்கள் அம்மா. மகாபலிபுரம் போகலாம் என்று தலைமை ஆசிரியர் விடுவது பர்மிஷன்; அதிகாரம் உள்ளவர் தருவது. பஸ்காரரும் நீங்களும் வாடகை பேசி முடிப்பது அக்ரிமென்ட். இரண்டு பக்கமும் ஏதோ ஒன்றுக்குக் கட்டுப்படுகிறது. பெற்றோரிடம் கையெழுத்து வாங்குகிறீர்களே, அது கன்சென்ட். தனக்கு உரிய ஒன்றில், உடம்போ பிள்ளையோ நிலமோ எதுவானாலும், இன்னொருவர் ஏதாவது செய்ய ‘சரி, செய்யுங்கள்’ என்பது. தமிழில் அனுமதி, உடன்படிக்கை, சம்மதம் அல்லது இசைவு என்று பிரித்தால் பெரும்பாலும் சரியாக வரும்.

இலக்கணத்தில் ஒன்றை மட்டும் விட்டுவிடாதீர்கள். இந்தச் சொல்லுக்குப் பின்னால் ‘டு’ வரும். கன்சென்ட் டு த ஆபரேஷன், கன்சென்ட் டு த மேரேஜ். பிள்ளைகள் ‘ஃபார்’ போடுகிறார்கள்; ஆஸ்பத்திரிப் படிவங்களிலேயே அப்படி அச்சடித்திருப்பதால் மார்க்கைக் குறைக்கச் சொல்ல மாட்டேன். ஆனால் அந்த ‘டு’ எதற்குச் சம்மதம் என்ற கேள்வியைக் கூடவே இழுத்துக்கொண்டு வருகிறது. கீழே வரும் கேள்விகளில் பாதிச் சிக்கல் அந்த ‘எதற்கு’ தெளிவாக இல்லாததால் வந்ததுதான்.

உச்சரிப்பு: ரெக்கார்ட், கான்ட்ராக்ட் போன்ற சொற்களில் பெயர்ச்சொல்லுக்கு முதல் அசையிலும் வினைச்சொல்லுக்கு இரண்டாம் அசையிலும் அழுத்தம் விழும். கன்சென்ட் அப்படி மாறாது. இரண்டுக்குமே ‘சென்ட்’டில்தான் அழுத்தம்.

கேள்வி (காட்பாடி, கல்லூரி மாணவர்): மசோதாவுக்கு ஆளுநர் கொடுப்பதை ஏன் ‘அசென்ட்’ என்கிறார்கள்? அதுவும் இதுவும் ஒன்றா?

பதில்: உறவுக்காரச் சொற்கள், வேலை வேறு. ஏற்கெனவே முடிவான ஒன்றை ஆமோதிப்பது அசென்ட். சட்டமன்றம் நிறைவேற்றியதற்கு ஆளுநர் தருவது, அரசியல் சட்டம் 200ஆவது பிரிவு. நாடாளுமன்றத்துக்குக் குடியரசுத் தலைவர், 111ஆவது பிரிவு. மருத்துவ ஆராய்ச்சியிலும் இந்தச் சொல் உண்டு. சிறுவர்களைச் சேர்க்கும்போது பெற்றோரிடம் வாங்குவது கன்சென்ட், விவரம் தெரிந்த பிள்ளையிடம் கேட்பது அசென்ட்.

கேள்வி (வேலூர், நர்ஸிங் மாணவி): ஐயா, திருமணமான பெண் நோயாளி நல்ல நினைவோடுதான் இருக்கிறார். ஆனாலும் ‘வீட்டுக்காரரைக் கூப்பிட்டுக் கையெழுத்து வாங்கு’ என்கிறார்கள். யாருடைய கன்சென்ட் செல்லும்?

பதில்: அந்தப் பெண்ணுடையது. 18 வயது நிறைந்து, சொல்வதைப் புரிந்துகொள்ளும் நிலையில் இருப்பவர் உடம்புக்கு அவர்தான் உரியவர். கணவர் கையெழுத்தைக் கூடுதலாக வாங்கி வைக்கலாம். பில் கட்டப்போகிறவர் என்பதால்கூட வாங்குவார்கள். அவள் கையெழுத்துக்குப் பதிலாக அது நிற்காது. கருக்கலைப்புக்கான 1971ஆம் ஆண்டுச் சட்டம்கூட வயது வந்த பெண்ணிடம் அவள் சம்மதத்தை மட்டும்தான் கேட்கிறது. கணவர் சம்மதம் வேண்டும் என்று அதில் எங்கேயும் இல்லை.

உச்ச நீதிமன்றம் 2008இல் சமீரா கோலி வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்னது. 44 வயதுப் பெண். வயிற்றுக்குள் கருவியை விட்டுப் பார்க்கும் பரிசோதனைக்கு ஒத்துக்கொண்டு மயக்க மருந்து எடுத்துக்கொண்டார். அவர் மயக்கத்தில் இருந்தபோது வெளியே இருந்த அம்மாவிடம் கையெழுத்து வாங்கி, கருப்பையையும் சினைப்பைகளையும் எடுத்துவிட்டார்கள். எடுத்தது மருத்துவ ரீதியில் சரியான முடிவாகவே இருக்கலாம், ஆனால் சம்மதம் இல்லை என்றது நீதிமன்றம். பரிசோதனைக்குக் கொடுத்த கன்சென்ட் ஆபரேஷனுக்குச் செல்லாது. உயிருக்கு உடனே ஆபத்து என்ற நிலையும் அங்கே இல்லை. கண் விழித்த பிறகு கேட்டிருக்கலாம். மேலே சொன்ன ‘டு’ அங்கே ஒரு பெண்ணின் உடம்பில் போய் நின்றது.

இதோடு ‘இன்ஃபார்ம்ட் கன்சென்ட்’ என்பதையும் கேட்டிருக்கிறாய். 1957இல் கலிஃபோர்னியாவில் ஒரு தீர்ப்பில் வந்து பரவிய தொடர் அது. என்ன செய்யப்போகிறார்கள், என்ன ஆபத்து, வேறு வழி உண்டா, செய்யாமல் விட்டால் என்ன ஆகும் என்பதைச் சொல்லிவிட்டுக் கேட்பது. ஆங்கிலப் படிவத்தை நீட்டி ‘இங்கே, இங்கே, அப்புறம் இங்கே’ என்று விரலால் காட்டுவதை அப்படிச் சொல்ல முடியாதும்மா. நோயாளிக்குத் தெலுங்கோ உருதுவோதான் தெரியும் என்றால் அந்த மொழியில் சொல்ல வேண்டும். நம் ஊர் வார்டில் அதற்கு ஆள் தேட வேண்டிய அவசியமே இல்லை, பக்கத்து கட்டிலில் கேட்டாலே போதும்.

நம் ஊர் சி.எம்.சி. ஆஸ்பத்திரி தொடங்கிய கதை உனக்குத் தெரிந்திருக்கும். திண்டிவனத்தில் ஒரே இரவில் மூன்று ஆண்கள் வந்து, பிரசவ வேதனையில் இருக்கும் மனைவியைப் பார்க்க ஐடா ஸ்கடரை அழைத்தார்கள். அவர் அப்போது டாக்டர் இல்லை. அப்பா டாக்டர், வருவார் என்றதற்கு ஆண் டாக்டர் வேண்டாம் என்று மறுத்துத் திரும்பிப் போனார்கள். மூன்று பெண்களும் இறந்துபோனார்கள். அதன்பின் அவர் டாக்டருக்குப் படித்து வந்து, 1900இல் வேலூரில் ஒரு கட்டிலோடு வைத்தியம் தொடங்கினார். பெண்களுக்குப் பெண் டாக்டர் வேண்டும் என்ற பாடத்தைத்தான் எல்லாரும் இதிலிருந்து எடுத்துச் சொல்கிறார்கள். எனக்கு உறுத்துவது வேறு. வேதனையில் கிடந்த அந்த மூன்று பேரிடமும் ‘ஆண் டாக்டர் வந்தால் பரவாயில்லையா’ என்று ஒருவரும் கேட்டதாகத் தெரியவில்லை.

கேள்வி (ஆம்பூர், தோல் ஷாப்பு மேற்பார்வையாளர்): எங்களுக்கு கன்சென்ட் என்றால் பொல்யூஷன் போர்டு பேப்பர்தான். ‘கன்சென்ட் முடிஞ்சிடுச்சு, ரினியூவல் போடணும்’ என்போம். இது பர்மிஷன் இல்லையா? உங்கள் கணக்குப்படி தப்பாக அல்லவா பெயர் வைத்திருக்கிறார்கள்?

பதில்: நல்ல கேள்வி பாய். 1974ஆம் ஆண்டு தண்ணீர்ச் சட்டத்தின் 25ஆவது பிரிவு, வாரியத்தின் ‘கன்சென்ட்’ இல்லாமல் கழிவுநீரை விடும் தொழிலைத் தொடங்கக் கூடாது என்கிறது. 1981ஆம் ஆண்டு காற்றுச் சட்டத்திலும் இதே சொல். தொழிற்சாலை கட்டும் முன் ஒன்று, ஓட்டும் முன் ஒன்று. தமிழில் ‘இசைவாணை’ என்று எழுதுவார்கள். லைசென்ஸ் என்றே வைத்திருக்கலாம்தான். பிரிட்டனின் 1951ஆம் ஆண்டு ஆற்று மாசுச் சட்டத்திலேயே கழிவு விடுவதற்கு ஆற்று வாரியத்தின் கன்சென்ட் வாங்க வேண்டும் என்று இருந்தது. அந்த வழக்கு இங்கேயும் தொடர்கிறது.

எனக்கு இந்தப் பெயர் பிடிக்கும். பாலாறு உங்கள் முதலாளியுடையதும் இல்லை, வாரியத்துடையதும் இல்லை. ஊருக்குச் சொந்தமான தண்ணீரில் ஒருவர் கழிவு விட, ஊரின் சார்பாக வாரியம் ‘சரி’ என்கிறது. அப்படிப் பார்த்தால் ஆசிரியை அம்மாவுக்குச் சொன்ன கணக்கில்தான் இதுவும் வரும். ஊரை யாரும் கேட்கவில்லை என்பது வேறு விஷயம். ஊர் தானாகவே கோர்ட்டுக்குப் போனது. வேலூர் குடிமக்கள் நலப் பேரவை 1991இல் போட்ட வழக்கில் 1996 ஆகஸ்ட் 28 அன்று தீர்ப்பு வந்தது. சுற்றியுள்ள தோல் தொழிற்சாலைப் பகுதியில் சுமார் 35,000 ஹெக்டேர் விளைநிலம் முழுதாகவோ பாதியாகவோ பாழாகிவிட்டது என்ற ஆய்வைத் தீர்ப்பு எடுத்துச் சொல்கிறது. மாசுபடுத்தியவரே செலவை ஏற்க வேண்டும், கேடு வருமுன் தடுக்க வேண்டும் என்ற இரண்டு கொள்கைகளும் இந்த நாட்டுச் சட்டத்தில் சேர்ந்தவை என்று சொன்னதும் அந்தத் தீர்ப்புதான். சுற்றுச்சூழல் சட்டம் படிக்கும் மாணவர்களுக்கெல்லாம் இன்று வேலூர் என்றால் கோட்டைக்கு முன்னால் இந்த வழக்குதான் ஞாபகம் வருகிறது.

உங்கள் பேப்பரிலும் ‘எதற்கு’ என்ற கேள்வியைப் பாருங்கள். ஒரு நாளைக்கு எத்தனை கிலோ தோல், எத்தனை கிலோலிட்டர் கழிவுநீர் என்று போட்டிருப்பார்கள். அதற்கு மேல் ஓட்டினால், பேப்பர் தேதி முடியாமல் இருந்தாலும், அந்த மிச்சத்துக்கு உங்களிடம் கன்சென்ட் இல்லை.

கேள்வி (ராணிப்பேட்டை வாசகர்): ‘மௌனம் சம்மதம்’ என்கிறோமே. சட்டம் ஏற்குமா?

பதில்: பொதுவாக ஏற்காது. 1862இல் இங்கிலாந்தில் ஒரு வழக்கு. மாமா ஒருவர் அக்காள் மகனோ அண்ணன் மகனோ, ஆங்கிலத்தில் ‘நெஃப்யூ’ என்று விட்டுவிட்டார்கள், அவனுடைய குதிரைக்கு 30 பவுண்டு 15 ஷில்லிங் விலை சொல்லி, ‘உன்னிடமிருந்து பதில் வராவிட்டால் குதிரை என்னுடையது என்று எடுத்துக்கொள்வேன்’ என்று எழுதினார். பையனும் பதில் போடவில்லை. குதிரையை ஏலக்காரர் தவறுதலாக வேறு ஆளுக்கு விற்றுவிட, மாமா வழக்குப் போட்டார், தோற்றார். உன் மௌனத்துக்கு நான் அர்த்தம் வைக்க முடியாது என்பது அன்றிலிருந்து நிற்கிறது.

ஆனால் வேடிக்கை பாருங்கள், ஆம்பூர்க்காரர் கேட்ட அதே 25ஆவது பிரிவில் ஒரு வரி உண்டு. விண்ணப்பம் போட்டு 4 மாதத்துக்குள் வாரியம் கொடுக்கவும் இல்லை, மறுக்கவும் இல்லை என்றால் கன்சென்ட் கொடுத்ததாகவே கொள்ளப்படும். குதிரை விஷயத்தில் செல்லாத மௌனம் ஆற்று விஷயத்தில் செல்கிறது. எனக்கு இது ஒப்பவில்லை.

கேள்வி (வாலாஜா): அப்பாவுக்கு 80 வயது. ‘என் முழு மனச் சம்மதத்துடன், யாருடைய வற்புறுத்தலும் இன்றி’ என்று பத்திரத்தில் எழுதி அண்ணன் நிலத்தை வாங்கிக்கொண்டார். அப்படி எழுதிவிட்டால் முடிந்ததா?

பதில்: எழுதியதனாலேயே முடிந்துவிடாது தம்பி. அந்த வரி எல்லாப் பத்திரத்திலும் இருக்கும், பத்திரம் எழுதுபவரின் கை தானாகவே எழுதிவிடும். 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 13ஆவது பிரிவு, ஒரே பொருளை ஒரே அர்த்தத்தில் இருவரும் ஒப்புக்கொள்வதுதான் கன்சென்ட் என்கிறது. எனக்குத் தெரிந்து இந்தச் சொல்லுக்கு இதைவிடச் சுருக்கமான விளக்கம் இல்லை. அடமானப் பேப்பர் என்று நினைத்து அப்பா கிரயப் பத்திரத்தில் கையெழுத்து போட்டிருந்தால் அங்கே அது இல்லை. அடுத்த பிரிவு சம்மதத்தைக் கெடுக்கும் ஐந்தைச் சொல்கிறது: மிரட்டல், தகாத செல்வாக்கு, மோசடி, தவறான தகவல், பிழை. முதியவரைத் தன் பராமரிப்பில் வைத்திருப்பவர் எழுதி வாங்கும்போது அந்த இரண்டாவதைத்தான் கோர்ட்டு உற்றுப் பார்க்கும்.

அப்பாவைப் பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனையோடு எழுதிக் கொடுத்து, அண்ணன் பார்க்கவில்லை என்றால் இன்னும் எளிய வழி உண்டு. 2007ஆம் ஆண்டு மூத்த குடிமக்கள் சட்டத்தின் 23ஆவது பிரிவு, அப்படி எழுதிக் கொடுத்ததை மோசடியாலோ வற்புறுத்தலாலோ நடந்ததாகக் கருதி ரத்து செய்ய இடம் தருகிறது. வருவாய்க் கோட்டாட்சியர் தலைமையிலான தீர்ப்பாயத்தில் அப்பாவே மனு கொடுக்கலாம். நீங்கள் நிலத்துக்காகக் கேட்கிறீர்களா, அப்பாவுக்காகக் கேட்கிறீர்களா என்று தீர்ப்பாயமும் கேட்கும், முன்கூட்டியே யோசித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (பெயரும் ஊரும் வேண்டாம் என்றவர்): மியூச்சுவல் கன்சென்ட் விவாகரத்துக்குக் கையெழுத்து போட்டுவிட்டேன். இப்போது மனம் மாறிவிட்டது. பின்வாங்கலாமா?

பதில்: இந்து திருமணச் சட்டத்தின்படி போட்ட மனு என்றால், தீர்ப்பு வரும்வரை பின்வாங்கலாம். 1976இல் சேர்த்த 13-பி பிரிவு அது. முதல் மனுவுக்கும் அடுத்த கட்டத்துக்கும் நடுவில் 6 மாத இடைவெளி வைத்ததே யோசிக்கத்தான். தீர்ப்பு நாள்வரை இருவர் சம்மதமும் நீடிக்க வேண்டும் என்று 1991இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் தகுந்த வழக்குகளில் அந்த 6 மாதத்தைத் தள்ளுபடி செய்யலாம் என்று 2017இல் சொல்லிவிட்டதால் நாள் கடத்த வேண்டாம் அம்மா. உங்கள் வக்கீலிடம் இன்றைக்கே எழுத்தில் கொடுங்கள்.

கேள்வி (திருப்பத்தூர்): ‘ஏஜ் ஆஃப் கன்சென்ட்’ என்றால் கல்யாண வயதுதானே?

பதில்: இல்லை. உடலுறவுக்குச் சம்மதம் தர ஒருவருக்குத் தகுதி உண்டு என்று சட்டம் ஏற்கும் வயது. 1860இல் 10, பெரிய சண்டைக்குப் பிறகு 1891இல் 12, 2012இல் வந்த போக்சோ சட்டத்திலிருந்து 18. அதற்குக் கீழே ‘அவளே விரும்பித்தான் வந்தாள்’ என்ற பேச்சுக்கு இடமில்லை. கல்யாண வயது வேறு சட்டம்: பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21.

கேள்வி (சத்துவாச்சாரி, ஐ.டி. ஊழியர்): ஆப் இறக்கினால் ‘ஐ கன்சென்ட்’ என்று பெட்டி வருகிறது. படிக்காமல் அழுத்துவது கன்சென்ட் ஆகுமா?

பதில்: 2023இல் நிறைவேறிய டிஜிட்டல் தனிநபர் தரவுச் சட்டம், இன்ன காரியத்துக்கு என்று குறிப்பாகச் சொல்லி, விவரம் தெரிவித்து, நிபந்தனை போடாமல் வாங்க வேண்டும் என்கிறது. அந்தக் காரியத்துக்குத் தேவையான தகவலோடு நிற்க வேண்டும். டார்ச் லைட் ஆப் உங்கள் போன் புத்தகத்தையே கேட்டு நீங்களும் சரி என்று அழுத்தியிருந்தாலும், வெளிச்சத்துக்குப் போன் நம்பர் எதற்கு? அது செல்லாது. கொடுத்தது எவ்வளவு சுலபமோ அவ்வளவு சுலபமாகத் திரும்பப் பெறவும் வழி இருக்க வேண்டும். விவரத்தை நம் மொழியிலும் கேட்கலாம், அரசியல் சட்டத்தின் எட்டாவது அட்டவணையில் உள்ள மொழிகளில் தமிழும் இருக்கிறதே.

கேள்வி (ஆற்காடு, முன்னாள் வார்டு உறுப்பினர்): கூட்டத் தீர்மானத்தில் ‘கன்சென்சஸ்’ என்று எழுதுகிறோம். அது ஒருமனதாக என்பதுதானே?

பதில்: ஒருமனதாக என்பதற்கு ‘யுனானிமஸ்’. கன்சென்சஸ் என்றால் பெரும்பாலோர் ஒத்துக்கொண்டார்கள், மற்றவர்கள் பெரிதாக எதிர்க்கவில்லை என்ற அளவுதான். ஒருவர் எதிர்த்து எழுந்து போயிருந்தாலும் நம் ஆட்கள் ‘யுனானிமஸ்’ என்று எழுதியதைப் பார்த்திருக்கிறேன். எழுத்துக்கூட்டில் நடுவில் ‘எஸ்’ வரும், ‘சி’ போடாதீர்கள்.